நாடகத்தில் ஆய்வு செய்து பேராசிரியர் ஆனவர் நம்ம பக்கம் உண்டா?

2025 மே 10 (கேள்வி, களக்காட்டிலிருந்து ஒரு வாசகர்)

பாளையங்கோட்டையில் எம்.ஏ. தமிழ் முடித்துவிட்டேன். நாடகத்தில் பிஎச்.டி. செய்ய ஆசை. கைடாக இருக்கச் சம்மதித்தவர், "நாவல் எடு, சிறுகதை எடு, நாடகம் எடுத்தால் வேலை கிடைக்காது" என்கிறார். வீட்டில் பி.எட். படிக்கச் சொல்கிறார்கள். நாடகத்தைப் படித்தே பேராசிரியர் ஆனவர் திருநெல்வேலிப் பக்கம் யாராவது இருந்தால் சொல்லுங்கள். அவர் எந்த வழியாகப் போனார் என்று தெரிந்தால் போதும்.

மே 10, இரவு

தம்பி, இருக்கிறார். உங்கள் ஊரிலிருந்து பஸ் ஏறினால் கொஞ்ச நேரத்தில் இறங்கிவிடுகிற ஊர்க்காரர். நாங்குநேரி சே. ராமானுஜம். 1935இல் பிறந்தவர், 2016 டிசம்பரில் தஞ்சாவூரில் காலமானார். சங்கீத நாடக அகாதெமி விருது வாங்கியவர். நம் பக்கத்துத் தமிழ்த்துறை மாணவர்களில் பாதிப் பேருக்கு அவர் பெயர் தெரியவில்லை என்பது எனக்குத் தீராத வருத்தம்.

அவர் வந்த வழியைக் கேட்டீர்கள். ஆசிரியப் பயிற்சி பெற்றுக் காந்திகிராமத்தில் ஆசிரியராக இருந்தார். மலையாள நாடக ஆசிரியர் ஜி. சங்கரப்பிள்ளையோடு ஏற்பட்ட பழக்கம் அவரை நாடகத்துக்குள் இழுத்தது. கேரளத்தில் 1967இல் சாஸ்தாங்கோட்டையில் தொடங்கிய நாடகக்களரி என்ற நாடகப் பயிற்சி இயக்கத்தில் சங்கரப்பிள்ளையோடு சேர்ந்து வேலை செய்தார். தில்லி தேசிய நாடகப் பள்ளியில் அல்காஸி இயக்குநராக இருந்த காலத்தில் அங்கே பயிற்சி எடுத்துக்கொண்டார். 1977இல் காந்திகிராமத்தில் நடந்த நாடகப் பட்டறையில் அவர் பங்கு பெரிது. நவீன தமிழ் நாடகம் பற்றி எழுதுகிறவர்கள் யாரும் அந்தப் பட்டறையைத் தாண்டிப் போக முடியாது. பிறகு திருச்சூரில் கோழிக்கோடு பல்கலைக்கழகத்தின் நாடகப் பள்ளி, அங்கிருந்து தஞ்சாவூர் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் நாடகத்துறை.

பள்ளி ஆசிரியரிலிருந்து பல்கலைக்கழகப் பேராசிரியர் வரை வந்தார். நடுவில் கையை விட்டுப் போகாத ஒரே விஷயம் ஒத்திகை.

மே 11

விட்டுப்போன ஒன்று. "பி.எட். படிக்கச் சொல்கிறார்கள்" என்று சலிப்போடு எழுதியிருக்கிறீர்கள். ராமானுஜம் சிறுவர் நாடகத்தில் செய்த வேலையைப் பார்த்தால், அந்த ஆசிரியப் பயிற்சி அவருக்கு எவ்வளவு உதவியது என்று தெரியும். பள்ளிக்கூடத்தில் பாடம் எடுத்தவருக்குத்தான் இருபது பிள்ளைகளை ஒரே நேரத்தில் மேடையில் நிறுத்தத் தெரியும். பி.எட். உங்கள் ஆய்வுக்கு எதிரி இல்லை. வீட்டுச் சண்டையை வளர்க்காதீர்கள்.

மே 13

வள்ளியூர் அண்ணாச்சி ஒரு கேள்வி போட்டிருக்கிறார்: "அவரும் திருச்சூருக்கும் தஞ்சாவூருக்கும் போய்த்தானே பேராசிரியர் ஆனார், நம்ம ஊரில் என்ன இருக்கு?"

அண்ணாச்சி, இதைப் பற்றி எனக்கு ரொம்ப நாளாக ஆற்றாமை உண்டு. கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

1990இல் நமக்கு ஒரு பல்கலைக்கழகம் வந்தது, மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம். அபிஷேகப்பட்டியில் இருக்கிறது. அதன் பெயரில் ஒரு நாடகம் இருக்கிறது. ஆசிரியர் பெயரோடு நாடகத்தின் பெயரையும் சேர்த்துச் சூட்டிக்கொண்ட வேறு பல்கலைக்கழகம் எனக்குத் தெரிந்து இல்லை. அந்த நாடகத்தை எழுதிய சுந்தரம் பிள்ளை (1855–1897) ஆலப்புழையில் பிறந்தவர், திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில் தத்துவப் பேராசிரியர். நடுவில் திருநெல்வேலியில் ஆசிரியராக இருந்தார். அவர் வேலை பார்த்த பள்ளிதான் பின்னால் இந்துக் கல்லூரியாக வளர்ந்தது. ஞானாசிரியர் கோடகநல்லூர் சுந்தர சுவாமிகள். 1891இல் வந்த மனோன்மணீயத்தில் சுந்தர முனிவர் என்று வருகிற பாத்திரம் அந்தக் குருவின் பெயரைத் தாங்கியது. கதைக்கு மூலம் லிட்டன் பிரபு எழுதிய ஆங்கிலக் கதைப்பாட்டு. ஆனால் கதை நடக்கிற இடம் எது? பாண்டியன் சீவகன் மதுரையை விட்டுத் திருநெல்வேலிக்குத் தலைநகரை மாற்றிக் கோட்டை கட்டுகிறான். சண்டை வருவது நாஞ்சில் நாட்டுக்காக. முனிவர் தோண்டுகிற சுருங்கை வழி இந்தக் கோட்டைக்குள்தான் வந்து முடிகிறது.

தமிழ்நாடு முழுக்க எல்லாப் பள்ளியிலும் காலையில் பாடுகிற தமிழ்த்தாய் வாழ்த்தும் இந்த நாடகத்தின் பாயிரத்திலிருந்து எடுத்ததுதான். 1970இல் அரசு அதை ஏற்றது.

இன்னொருவர் நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922). தூத்துக்குடிப் பக்கம் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். அந்தக் காலக் கணக்கில் நெல்லைச் சீமைதான். அவர் பெயரில் நிகழ்கலைப் பள்ளி புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. அவர் காலமானதும் புதுச்சேரியில்தான், அதனால் அந்த ஊருக்கு உரிமை இல்லை என்று சொல்ல மாட்டேன்.

அண்ணாச்சி கேட்டதற்கு என் பதில் இது: நாடகத்துக்கு வேண்டிய ஆளையும் பெயரையும் கதையையும் இந்த மண் கொடுத்திருக்கிறது. உட்கார்ந்து படிக்க நாற்காலி போட்டது மற்ற ஊர்கள். களக்காட்டுத் தம்பி வெளியே போக வேண்டியிருந்தால் போகட்டும். திரும்பி வருவதற்கு ஒரு காரணத்தை இங்கே வைத்துவிட்டுப் போகட்டும்.

மே 13, மறுபடி

மனோன்மணீயத்தை மேடையில் போட முடியாது என்று யாரோ கீழே எழுதியிருக்கிறார்கள். படிப்பதற்கான நாடகம் என்று பேர் வாங்கியது உண்மை. பெரும்பகுதி ஆசிரியப்பா. ஆனால் நான் எம்.ஏ. வகுப்பில் நாடகத் தாள் எடுக்கும்போது அமைச்சன் குடிலன் பேசுகிற பகுதியைப் பையன்களிடம் கொடுத்துச் சத்தமாக வாசிக்கச் சொல்வேன். முதலில் செய்யுள் மாதிரி இழுப்பார்கள். "அரசனை ஏமாற்றப் போகிறாய், அதை மனதில் வைத்துக்கொண்டு பேசு" என்று சொன்னால் போதும். இழுவை போய்விடும். நிறுத்தங்கள் தானாக வரும். எந்த இடத்தில் குரலைத் தாழ்த்த வேண்டும் என்று பையனே கண்டுபிடிப்பான். பேட்டையிலிருந்து வந்த ஒரு மாணவி சீவகனாக நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அவளுக்கு அதில் ஒரு வசனமும் கிடையாது. ஆனால் அவள் தலையாட்டிய விதத்தில்தான் அந்த அரசன் ஏன் ஏமாந்தான் என்று வகுப்புக்குப் புரிந்தது. உரைநூல் எதிலும் அது இல்லை.

மே 16

இப்போது வழி. இரண்டு வாசல் இருக்கிறது.

ஒன்று தமிழ்த்துறை வாசல். கல்லூரி ஆசிரியராவதற்கான நெட் தகுதித் தேர்வில் தமிழுக்குப் பாட எண் 26. இதில் தேறினால் எந்தக் கல்லூரியின் தமிழ்த்துறைக்கும் விண்ணப்பிக்கலாம், ஆய்வேடு நாடகத்தைப் பற்றி இருந்தாலும். இன்னொன்று நிகழ்கலை வாசல், எண் 65. நடனம், நாடகம், அரங்கம் மூன்றும் சேர்ந்த தாள். இதில் தேறியவருக்கு நாடகத்துறை உள்ள இடங்கள் மட்டுமே, அவை விரல் விட்டு எண்ணக்கூடியவை. பல்கலைக்கழக மானியக் குழுவான யுஜிசியின் 2018 விதிகளில் மூன்றாவது ஒரு சந்தும் உண்டு. தேசிய நாடகப் பள்ளியிலோ அங்கீகாரம் பெற்ற வேறு நிறுவனத்திலோ முதல் வகுப்பில் தேறி, ஐந்து ஆண்டு தொடர்ந்து மேடையில் பேர் சொல்லும்படி இயங்கிய கலைஞரை நாடக உதவிப் பேராசிரியராக எடுக்கலாம்.

முதல் வாசல் வழியாக நுழைந்து இரண்டாவது அறையில் உட்கார்ந்தவருக்கு நல்ல உதாரணம் அ. ராமசாமி. மதுரையில் தமிழ் படித்தார், நாயக்கர் கால இலக்கியத்தில் ஆய்வு செய்தார், நிஜ நாடக இயக்கத்தோடு பழகினார். 1989இல் புதுச்சேரி நாடகப் பள்ளிக்கு ஆசிரியராகப் போனார். 1997இல் நம் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத் தமிழ்த்துறைக்கு வந்தார். நடுவில் போலந்தில் வார்சா பல்கலைக்கழகத்தில் தமிழ் சொல்லிக்கொடுத்தார். நாடகம், சினிமா, நாவல் என்று எல்லாவற்றைப் பற்றியும் எழுதுகிறார். எதைப் பற்றி எழுதினாலும் காட்சியும் இடமும் எப்படி அமைந்திருக்கின்றன என்று பார்க்கிற கண் அவருக்கு உண்டு. நாடகப் பள்ளியில் இருந்த ஆண்டுகள் கொடுத்த கண் அது என்று நான் நினைக்கிறேன்.

நீங்கள் எம்.ஏ. தமிழ் என்பதால் முதல் வாசலையே எடுங்கள். 26இல் எழுதித் தேறிவிட்டு நாடகத்தில் ஆய்வு செய்யுங்கள். கைடு சொல்கிற "வேலை கிடைக்காது" என்ற பயம் பாதி அதோடு தீர்ந்துவிடும்.

மே 17

காசு எவ்வளவு என்று கேட்டவருக்கு: நெட் தேர்வில் மேலே வருகிறவர்களுக்குத் தருகிற ஜேஆர்எஃப் என்ற ஆய்வு உதவித்தொகை கிடைத்தால் முதல் இரண்டு வருடம் மாதம் 37,000 ரூபாய், பிறகு 42,000. கிடைக்காவிட்டால், வேலை கிடைக்கிறவரை பலருக்கும் கௌரவ விரிவுரையாளர் பிழைப்புதான். அரசுக் கல்லூரியில் அது 2025இல் மாதம் 25,000 ஆக இருந்தது. யுஜிசி 2019இல் 50,000 வரை கொடுக்கலாம் என்று சொல்லியிருக்கிறது. அதனால் முதல் குறி ஜேஆர்எஃப். வயது வரம்பு இருக்கிறது, தள்ளிப் போடாதீர்கள்.

2024 ஜூனிலிருந்து பிஎச்.டி. சேர்க்கைக்கு மட்டும் தகுதி என்று ஒரு மதிப்பெண் கோடும் நெட்டில் வந்துவிட்டது. அதில் வந்தாலும் சந்தோஷப்படுங்கள்.

மே 21

தென்காசி அக்கா எழுதியதைப் படித்துவிட்டு இரண்டு நாளாக யோசனை. "கணியான் கூத்தை நாடகம் என்று எப்படிச் சொல்வீர்கள், அது கோயில் சடங்குதானே" என்கிறார்கள். கொடை என்று நாம் சொல்கிற கோயில் விழாவில், மகுடம் என்ற தோல்வாத்தியத்தை அடித்துக் கதை பாடி ஆடுகிற கூத்து அது. என் ஆய்வே அதில்தான். அதனால் பொறுமையாகச் சொல்கிறேன்.

அக்கா, சுடலைமாடன் கோயில் கொடையில் கூத்து நடக்கிற இடத்தைப் பாருங்கள். நடுவில் கதை பாடுகிற அண்ணாவி. அவருக்குப் பின்பாட்டு பாடுகிறவர் பக்கத்தில். உச்ச மகுடம் ஒருவர், மந்த மகுடம் ஒருவர். முன்னால் பெண் வேடத்தில் ஆடுகிற இரண்டு பேர், காலில் சலங்கை. சாமத்துக்கு முன்னால் பனையோலையைக் கொளுத்தி மகுடத்தின் தோலைச் சூடு காட்டுவார்கள். விரலால் தட்டிப் பார்ப்பார்கள், மறுபடி காட்டுவார்கள். தோல் இறுகி அந்தச் சத்தம் "கண்" என்று வருகிறபோது கூட்டத்தில் தூங்கிக்கொண்டிருந்த பிள்ளைகள்கூட எழுந்து உட்காரும். இது ஒத்திகையும் இல்லை, தொடக்கமும் இல்லை, ஆனால் அரங்கம் தயாராகிவிட்டது என்று எல்லாருக்கும் தெரிந்துவிடும்.

நான் களப்பணிக்குப் போன ஒரு கொடையில், முக்கூடல் பக்கம், அண்ணாவி கயிலாயக் கதையைப் பாடிக்கொண்டிருந்தார். விளக்குச் சுடரிலிருந்து சுடலைமாடன் பிள்ளையாகப் பிறக்கிற கட்டத்துக்கு இன்னும் வெகுநேரம் இருந்தது. அவருடைய நோட்டுப் புத்தகத்தைப் பகலிலேயே படித்திருந்ததால் எனக்கு அது தெரியும். சாமியாடி பந்தக்காலைப் பிடித்துக்கொண்டு நின்றார். தோள் மட்டும் லேசாக அசைந்தது. அண்ணாவி அவர் பக்கம் திரும்பவே இல்லை, ஓரக்கண்ணால்தான் பார்த்திருக்க வேண்டும். பாட்டை நிறுத்தினார். வசனத்தில் இரண்டு வரி பேசினார். நேரே பிறப்புக்குப் போய்விட்டார். மந்த மகுடக்காரர் அதற்குள் அடியை மாற்றிவிட்டார். அடுத்த வரியில் சாமி வந்துவிட்டது. நடுவிலிருந்த ஒரு முழுப் பகுதி அன்றைக்குப் பாடப்படவே இல்லை.

மறுநாள் அண்ணாவியிடம் கேட்டேன். "நேத்து அந்தக் கட்டத்த விட்டுட்டியளே?" என்றேன். "சாமி வந்து நிக்கும்போது கதய இழுத்துக்கிட்டு இருந்தா அது கூத்தா தம்பி? நீங்க குனிஞ்சு எழுதிக்கிட்டே இருந்திய, அதான் பாக்கல" என்றார். அதற்குப் பிறகு இரவில் நான் எழுதுவதில்லை. பார்ப்பேன். காலையில் எழுதுவேன்.

நடிகனைப் பார்த்துப் பாடகன் கதையை வெட்டுகிறான், வாத்தியக்காரன் அதற்குத் தாளத்தைத் திருப்புகிறான், பார்க்கிறவர்களில் ஒருவர் பாத்திரமாக மாறுகிறார். சடங்காக இருக்கட்டும் அக்கா, இதை நாடகம் என்று படிக்காவிட்டால் வேறு எதை அப்படிப் படிப்பது?

மே 21, தொடர்ச்சி

வைவாவில், அதாவது வாய்மொழித் தேர்வில், நடந்ததையும் சொல்லிவிடுகிறேன், தம்பிக்குப் பயன்படும். வெளியிலிருந்து வந்த தேர்வாளர், என் ஆய்வேட்டில் அண்ணாவியின் நோட்டு ஒன்று, ஒலிப்பதிவின் எழுத்து வடிவம் ஒன்று என்று இருந்த இரண்டு பின்னிணைப்புகளையும் ஒப்பிட்டுப் படித்திருந்தார். "நோட்டில் இருக்கிற பகுதி ஒலிப்பதிவில் இல்லையே, பதிவு விட்டுப்போச்சா?" என்றார். மேலே சொன்னதை அப்படியே சொன்னேன். அந்த ஒரு கேள்விக்குத்தான் பதில் நீண்டது. ஆய்வேட்டின் மற்ற இயல்களைப் பற்றி அவர் கேட்டதெல்லாம் சீக்கிரம் முடிந்துவிட்டது. ஏடும் நிகழ்வும் வேறுபடுகிற இடம்தான் நாடக ஆய்வாளனுக்கு விளைச்சல் நிலம். அந்த இடத்தை மூடி மறைக்காதீர்கள், அங்கேயே தோண்டுங்கள்.

மே 23

வில்லுப்பாட்டைப் பற்றியும் பேச்சு வந்துவிட்டது. வில்லுப்பாட்டில் புலவர் வீசுகோலால் அடித்துக்கொண்டே கதை சொல்கிறார், குடம், உடுக்கை, தாளம், கட்டை கூட வருகின்றன, பின்னால் "ஆமா" போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அங்கே உட்கார்ந்து சொல்கிற கதை, கணியான் கூத்தில் நின்று ஆடுகிற கதை. ஒரே கொடையில் இரண்டும் நடக்கிற ஊர்கள் இருக்கின்றன. ஒரே சுடலை கதையை இரண்டு பேரும் எங்கே நீட்டுகிறார்கள், எங்கே சுருக்குகிறார்கள் என்று பார்ப்பது மட்டுமே ஒரு பிஎச்.டி.க்குப் போதும். யாராவது எடுத்துச் செய்யுங்கள்.

நாங்குநேரி என்று சொல்லிவிட்டு நா. வானமாமலையை (1917–1980) விட்டால் தப்பு. அவரும் அந்த ஊர்தான். பள்ளி ஆசிரியராக இருந்தவர், வேலையை விட்டுவிட்டுப் பாளையங்கோட்டையில் தனிப்பயிற்சிக் கல்லூரி நடத்திப் பிழைத்தார். நெல்லை ஆய்வுக்குழுவைக் கூட்டினார், 1969இல் 'ஆராய்ச்சி' இதழைத் தொடங்கினார். கட்டபொம்மன், கான்சாகிபு, ஐவர் ராசாக்கள் கதைப்பாடல்களை அவர் பதிப்பித்தார், மதுரைப் பல்கலைக்கழகம் வெளியிட்டது. பல்கலைக்கழகத்தில் நாற்காலி இல்லாத ஒருவர் தொகுத்ததைப் பல்கலைக்கழகம் அச்சிட்டது. பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியில் பிறகு நாட்டார் வழக்காற்றியல் துறை வந்து, தே. லூர்து போன்றவர்கள் அதை வளர்த்தபோது, இந்த ஊரில் அதற்கு மண் ஏற்கெனவே பதமாக இருந்தது.

ராமானுஜமும் வானமாமலையும் ஒரே ஊர்க்காரர்கள். ஒருவர் மேடை வழியாகப் பல்கலைக்கழகத்துக்குள் போனார், ஒருவர் வெளியே இருந்துகொண்டே பல்கலைக்கழகத்துக்கு வேலை கொடுத்தார். தம்பி ஒரே ஒரு முன்மாதிரி கேட்டார், அவர் வீட்டுப் பக்கத்து ஊரே இரண்டு வைத்திருக்கிறது.

மே 29

முதல் குறிப்பில் ராமானுஜத்தின் கதையைத் தஞ்சாவூரோடு நிறுத்தியிருந்தேன். அவர் வாழ்க்கையில் எனக்குப் பிடித்த பகுதி அதற்குப் பிறகுதான் வருகிறது.

திருக்குறுங்குடி. கார்த்திகை மாத வளர்பிறை ஏகாதசி இரவில் அழகிய நம்பி கோயிலில் கைசிக நாடகம் நடக்கும். நம்பாடுவான் என்ற பாணர் பெருமாளைப் பாடப் போகிறார். வழியில் பிரம்மராட்சசன் பிடித்துக்கொள்கிறான். "பாடிவிட்டுத் திரும்பி வருகிறேன், அப்புறம் தின்றுகொள்" என்கிறார். அவன் நம்ப மறுக்கிறான். பதினெட்டுச் சத்தியம் செய்கிறார். கோயில் வாசலில் நின்று கைசிகப் பண்ணில் பாடுகிறார், அவர் பார்ப்பதற்காகக் கொடிமரம் விலகிக் கொடுக்கிறது. சொன்னபடி திரும்பி வருகிறார். இப்போது ராட்சசனுக்குப் பசி இல்லை, பாட்டின் பலனைக் கேட்கிறான். வராக புராணத்தில் வருகிற கதை, பராசர பட்டர் வியாக்கியானம் செய்தது.

இந்த நாடகம் தேய்ந்துபோய்ப் பெயரளவுக்கு நடந்துகொண்டிருந்தது. 1999இல் அனிதா ரத்னம் முயற்சியில் இது மீண்டும் உயிர் பெற்றபோது, அதை மேடைக்குத் திருப்பிக் கொண்டுவந்தவர் ராமானுஜம். பனுவலைத் தேடிச் சேர்த்து, பழைய ஆட்ட மரபைத் தெரிந்தவர்களின் நினைவைக் கேட்டு, பெண்களே வேடம் கட்டுகிற வழக்கத்தைக் காப்பாற்றிச் செய்தார்கள். திருச்சூரிலும் தஞ்சையிலும் சேர்த்த அறிவு முழுவதும் அவர் பிறந்த ஊருக்குப் பக்கத்துக் கோயிலுக்கு வந்து சேர்ந்தது.

நான் அதைப் பார்க்கப் போயிருந்தபோது பதினெட்டுச் சத்தியக் கட்டத்தில் கூட்டம் ஒவ்வொன்றையும் கவனமாகக் கேட்டது. என் பக்கத்தில் ஏர்வாடிக்காரப் பாட்டி ஒருவர். ஒவ்வொரு சத்தியம் முடிந்ததும் ராட்சசனைப் பார்த்து "விடேம்ல அவன" என்று அதட்டினார். கதை என்ன ஆகும் என்று அந்தப் பாட்டிக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். ஆனாலும் அதட்டினார்.

மே 30

நேற்று எழுதியதற்கு ஒருவர் எதிர்வாதம் வைத்திருக்கிறார். "வெளியிலிருந்து வந்த பேராசிரியர் திருத்திக் கொடுத்த பிறகு அது பழைய நாடகமாக எப்படி இருக்கும்? அந்த மரபைக் காத்த தேவரடியார் குடும்பத்துப் பெண்களுக்கு என்ன கிடைத்தது?"

இரண்டாவது கேள்வி முக்கியமானது. கோயில் ஆட்டத்தைத் தலைமுறை தலைமுறையாகச் செய்த பெண்களின் பெயரைக் கல்வெட்டும் சொல்லும், கணக்குப் புத்தகமும் சொல்லும், ஆய்வுக்கட்டுரையின் அடிக்குறிப்பு மட்டும் பல நேரம் சொல்லாது. நாடக ஆய்வாளர் முதலில் தீர்க்க வேண்டிய கடன் அது. ஆட்டம் யாரிடமிருந்து வந்ததோ அவர்களை எழுத்தில் முன்னால் நிறுத்த வேண்டும்.

முதல் கேள்விக்கு என் எண்ணம் வேறு. ஒரு நாடகம் தேய்ந்துகொண்டிருக்கும்போது ஆய்வாளர் கைகட்டி நின்று, தேய்மானத்தைக் குறித்து வைத்தால் போதும் என்று சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அதில் சம்மதமில்லை. ராமானுஜத்துக்கு ஒத்திகை நடத்தத் தெரியும், பனுவலைப் படிக்கத் தெரியும். இரண்டும் தெரிந்தவர் தொட்டதனால்தான் அது அருங்காட்சியகப் பொருளாகாமல் அந்தப் பாட்டி அதட்டுகிற நாடகமாக இருக்கிறது. அவர் யூரிப்பிடீஸின் டிராய் நாட்டுப் பெண்களைத் தமிழில் 'வெறியாட்ட'மாக்கியபோது நம் ஒப்பாரியை அதற்குள் கொண்டுவந்தார். வெளிநாட்டு நாடகத்துக்கு நம்முடைய அழுகையைக் கொடுக்கத் தெரிந்த கைக்குக் கோயில் நாடகத்தில் எதைத் தொடக்கூடாது என்றும் தெரிந்திருக்கும்.

ஜூன் 3

வள்ளியூர் அண்ணாச்சி விடுவதாக இல்லை. "இவ்வளவு செய்தால் பதவி உயர்வு வருமா?" என்கிறார். நியாயமான கேள்வி.

2018 விதிகளில் ஆய்வு மதிப்பெண் அட்டவணை ஒன்று இருக்கிறது. கலை, மொழித் துறைகளில் ஒரு கட்டுரைக்கு 10. இந்தியப் பதிப்பகத்தில் நூல் வந்தால் 10, பன்னாட்டுப் பதிப்பகம் என்றால் 12. ஒரு நூலை முழுதாக மொழிபெயர்த்தால் 8, ஒரு இயல் மட்டும் என்றால் 3. உங்களிடம் ஆய்வு செய்தவர் பட்டம் வாங்கினால் 10. ஒரு நாடகத்தை மாதக் கணக்கில் ஒத்திகை பார்த்து மேடையேற்றினால் அதற்கென்று அந்த அட்டவணையில் ஒரு வரி கிடையாது. நாடகத்தைப் பற்றி அதே பேராசிரியர் எட்டுப் பக்கக் கட்டுரை எழுதினால் மதிப்பெண் உண்டு.

இது மாற வேண்டும் என்று நான் உரத்துச் சொல்வேன். வேதியியல்காரர் சோதனைக்கூடத்தில் செய்வதை நாடகக்காரர் ஒத்திகையில் செய்கிறார். ஒத்திகைக் குறிப்பேடு, மேடை வரைபடம், பதிவு, பார்வையாளர் கருத்து இவற்றையெல்லாம் சேர்த்து மதிப்பிட ஒரு வழி வகுப்பது பெரிய காரியமில்லை. எந்த ஆய்விதழ்களை ஏற்கலாம் என்று யுஜிசி வைத்திருந்த கேர் பட்டியலையே 2025இல் கைவிட்டாகிவிட்டது. எதை எண்ணுவது என்று புதிதாக யோசிக்கிற நேரத்தில் இதையும் சேர்த்து யோசிக்கட்டும்.

நான் முன்பு ஒரு கல்லூரி நேர்காணலுக்குப் போனேன், பெயர் வேண்டாம். ஆய்வேட்டைப் புரட்டிவிட்டு, "கொடைக்குப் போனதெல்லாம் ஆராய்ச்சியா, எல்லாரும்தானே போறோம்" என்றார் ஒருவர். எல்லாரும் போகிறோம் என்பதால்தான் அது ஆராய்ச்சிக்கு உரியது என்று சொன்னேன். வேலை கிடைக்கவில்லை. சொன்னதில் இன்றைக்கும் மாற்றம் இல்லை.

ஜூன் 9

களக்காட்டுத் தம்பி தனியாகக் கேட்டவற்றுக்கு இங்கேயே பதில் போடுகிறேன், மற்றவர்களுக்கும் ஆகும்.

தலைப்பைச் சின்னதாக வையுங்கள். "நெல்லை மாவட்ட நாட்டார் நாடகங்கள்" என்று எடுத்தால் மூன்று பிஎச்.டி. ஆனாலும் தீராது. ஒரு கதை, ஒரு அண்ணாவி, ஒரு வட்டாரம் போதும்.

மலையாளம் கற்றுக்கொள்ளுங்கள். சுடலை கதையில் கொட்டாரக்கரை வருகிறது, காளிப்புலையன் வருகிறான். மலைக்கு அந்தப் பக்கம் பார்க்காமல் இந்தக் கதையைப் பாதிதான் படிக்க முடியும். ராமானுஜம் இரண்டு பக்கமும் வேலை செய்தவர் என்பதை மறக்காதீர்கள்.

குற்றாலக் குறவஞ்சியையும் முக்கூடற்பள்ளையும் செய்யுளாகப் படித்ததோடு விடாமல் ஒரு தடவை ஆட்டமாக நினைத்துப் படியுங்கள். யார் எப்போது உள்ளே வருகிறார், யார் வெளியே போகிறார் என்று பென்சிலால் ஓரத்தில் குறியுங்கள். பள்ளுவில் மூத்த பள்ளியும் இளைய பள்ளியும் ஏசிக்கொள்கிற இடத்தில் பண்ணைக்காரன் எங்கே நிற்கிறான் என்று நீங்களே முடிவு செய்ய வேண்டியிருக்கும். அந்த முடிவிலிருந்துதான் நாடக ஆய்வு தொடங்குகிறது.

கலைஞர்களிடம் பேசப் போகும்போது, அவர்கள் கூலியை விட்டுவிட்டு உங்களோடு உட்காருகிறார்கள் என்பதை மனதில் வையுங்கள். பேட்டிக்கு அன்றைய கூலியைக் கொடுத்துவிடுங்கள், பேச்சைத் தொடங்குவதற்கு முன்பே. பதிவு செய்ய ஒப்புதல் கேளுங்கள். எடுத்த பதிவின் பிரதியை அவர் பேரப்பிள்ளையின் போனில் ஏற்றிக் கொடுத்துவிட்டு ஊர் திரும்புங்கள், தபாலில் அனுப்புகிறேன் என்று சொல்லாதீர்கள். நோட்டுப் புத்தகத்தை இரவல் வாங்காதீர்கள். அங்கேயே உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்ளுங்கள். இரவல் போன நோட்டு திரும்பவில்லை என்று புலம்புகிற அண்ணாவிகளைப் பார்த்திருக்கிறேன், வாங்கிப் போனவர்கள் எல்லாரும் படித்தவர்கள்.

நெட் தேதியையும் கொடைத் தேதியையும் ஒரே காலண்டரில் எழுதி ஒட்டுங்கள். ஒன்றுக்காக இன்னொன்றை விட வேண்டியிருக்காது. டிசம்பர் சுற்றுத் தேர்வுக்குப் படிக்க இன்னும் மாதங்கள் இருக்கின்றன.

ஜூன் 10

தம்பி, கைடு நாடகத்துக்குச் சம்மதித்துவிட்டார் என்று எழுதியிருக்கிறீர்கள். ரொம்ப சந்தோஷம். வீட்டில் சொன்ன பி.எட்.டையும் பின்னால் தொலைநிலையில் முடிக்க முடியுமா என்று விசாரித்து வையுங்கள்.

ஆடி கடைசி வெள்ளிக்கு முக்கூடல் பக்கம் ஒரு கொடை இருக்கிறது, நான் போகிறேன். வருவதானால் சாயங்காலமே வந்துவிடுங்கள், மகுடம் காய்ச்சுவதிலிருந்து பார்க்க வேண்டும். ஒலிபெருக்கிக் குழாய்க்கு எதிரே உட்காராதீர்கள், மந்த மகுடம் காதில் விழாது. அண்ணாவிக்கு இடது கைப் பக்கம் துண்டை விரித்து இடம் போட்டு வைக்கிறேன். தென்காசி அக்காவும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்கள், சடங்கா நாடகமா என்ற வழக்கை அங்கேயே வைத்துப் பேசிக்கொள்ளலாம்.